அங்கோர் தாண்டிக் காட்டுக்குள் கிடக்கும் கெமர் (பழங்காலக் கம்போடிய) கோயில்கள்: எதைப் பார்க்கலாம், எப்படிப் போகலாம்?

#1 வெள்ளாற்றங்கரை

வணக்கம். ஜனவரி கடைசியில் கம்போடியாவில் 8 நாள். அங்கோர் வாட், பாயோன், தா புரோம் வட்டாரத்துக்கு 2 நாள் ஒதுக்கியாச்சு. மீதி நாளில் கூட்டம் இல்லாத, காட்டுக்குள் கிடக்கிற கோயில்களைப் பார்க்கணும். கையில் இருக்கிற பட்டியல்: பெங் மீலியா, கோ கெர், சம்போர் பிரெய் குக், பந்தே ச்மார், பிரியா விஹியர். எதை விடலாம்? ஸ்கூட்டர் வாடகைக்கு எடுத்து நாமே ஓட்டிக்கொண்டு போகலாமா? இன்னொன்று, இணையத்தில் யாரோ போட்ட 40 ஜிபிஎஸ் புள்ளிகள் வைத்திருக்கிறேன். பாதிக்குப் பெயரே இல்லை. அங்கேயும் போக முடியுமா?

#2 கலிங்கு

முதலில் வெட்ட வேண்டியதை வெட்டிவிடுவோம். பிரியா விஹியர், பந்தே ச்மார் இரண்டையும் இந்தத் தடவை எடுத்துவிடுங்கள். கோயிலில் குறை எதுவும் இல்லை, இருக்கிற இடம்தான் வம்பு. 2025 ஜூலையிலும் டிசம்பரிலும் கம்போடிய-தாய்லாந்து எல்லையில் பீரங்கிச் சண்டையே நடந்தது. பிரியா விஹியர் டாங்ரெக் மலை விளிம்பில், சண்டைக் கோட்டின் மேலேயே நிற்கிறது. பந்தே ச்மாரும் எல்லைக்குக் கிட்டத்தான். ஓய்ந்தது என்று செய்தி வந்தாலும், சண்டை நடந்த இடத்தில் வெடிக்காத குண்டு கிடக்கும். பயணக் காப்பீடும் அந்தப் பகுதிக்குச் செல்லாது.

மீதி மூன்றோடு கொம்போங் ஸ்வாயின் பிரியா கானையும் சேர்த்தால் ஒரு வட்டமாகவே வந்துவிடும்:

சியெம் ரீப்பிலிருந்து பெங் மீலியா 65 கி.மீ. போல, ஒன்றரை மணி நேரம். அங்கிருந்து கோ கெர் இன்னும் 60 கி.மீ. ராத்திரி கோ கெருக்குத் தெற்கே ஸ்ராயொங் ஊரில் தங்கலாம், எளிய விடுதிகள் உண்டு. மறுநாள் காலை கோ கெரின் சின்னக் கோயில்கள். அடுத்தது பிரியா கான், அதற்கு ஒரு முழு நாள். அப்புறம் கம்போங் தோம் ஊரில் தங்கி, 30 கி.மீ. வடக்கே சம்போர் பிரெய் குக். திரும்பும்போது 6ஆம் நெடுஞ்சாலையில் கொம்போங் க்டெய் ஊரில் நிறுத்தி ஸ்பியன் பிராப்தோஸ் பாலத்தைப் பாருங்கள். செம்புரைக்கல்லில் கட்டிய 12ஆம் நூற்றாண்டுப் பாலம், இரு கைப்பிடியும் நாகம். முன்பெல்லாம் நெடுஞ்சாலை வண்டிகள் இதன் மேலேதான் ஓடின.

நெருக்காமல் போனால் மொத்தம் 4 நாள்.

டிக்கெட்: அங்கோர் சீட்டு 1 நாளுக்கு 37 டாலர், 3 நாளுக்கு 62, 7 நாளுக்கு 72. 3 நாள் சீட்டை 10 நாளுக்குள் எந்த மூன்று நாளிலும் பயன்படுத்தலாம். 7 நாள் சீட்டுக்கு ஒரு மாதம். பெங் மீலியா இந்தச் சீட்டிலேயே அடங்கும். கோ கெருக்குத் தனியாக 15 டாலர், குலென் மலைக்குத் தனியாக 20. விலை மாறக்கூடியது, கிளம்பும் முன் ஒரு தடவை பார்த்துக்கொள்ளுங்கள்.

#3 மண்வெட்டி

ஸ்கூட்டர் வேண்டாம். மூன்று காரணம். இந்திய ஓட்டுநர் உரிமத்தில் இருசக்கர வகை இல்லாமலோ, பன்னாட்டு அனுமதி இல்லாமலோ விழுந்தால் காப்பீடு ஒரு பைசா தராது. இரண்டு, தார்ச்சாலையை விட்டு இறங்கியதும் பொடிமணல். 100 சிசி வண்டியின் மெல்லிய டயர் மணலில் பக்கவாட்டில் இழுக்கும், புதிதாக ஓட்டுபவர் பயந்து முன்பிரேக்கைப் பிடிப்பார், அவ்வளவுதான். மூன்றாவது, எந்தத் தடம் ஊர்க்காரர் தினமும் போகிற தடம், எது கைவிட்ட தடம் என்று உங்களுக்குத் தெரியாது. கம்போடியாவில் அந்த வித்தியாசம் உயிர் விஷயம்.

தார்ச்சாலைக்குக் கார். உள்ளே போக அந்தந்த ஊரில் மோட்டோ (வாடகை பைக்) ஆள். இப்படிப் பிரித்துக்கொள்ளுங்கள்.

#4 வெள்ளாற்றங்கரை

கண்ணிவெடியா? அதெல்லாம் எடுத்தாச்சு என்று படித்தேனே?

#5 மண்வெட்டி

எடுத்த இடத்தில் எடுத்தாச்சு. பெங் மீலியா, கோ கெர் கோயில்களைச் சுற்றி அகற்றிவிட்டார்கள், அதற்கான பலகையும் இருக்கும். ஆனால் 'சுற்றி' என்றால் எதுவரை என்பதுதான் கேள்வி. வடமேற்கு எல்லையை ஒட்டி 1980களில் புதைத்த கே5 என்கிற கண்ணிவெடிப் பட்டைதான் நாட்டிலேயே மோசம். கிழக்கே போனால் கண்ணி குறைவு, அமெரிக்க விமானங்கள் போட்ட கொத்துக்குண்டு அதிகம்.

தெரிந்துகொள்ள வேண்டியது இவ்வளவுதான். சிவப்புப் பலகை, வெள்ளை மண்டையோடு என்றால் அதற்கப்பால் ஒரு அடிகூடக் கிடையாது. குச்சியிலோ கல்லிலோ பாதி சிவப்பு, பாதி வெள்ளை அடித்திருந்தால் வெள்ளை முகம் பார்க்கிற பக்கம் பாதுகாப்பு, சிவப்பு முகம் பார்க்கிற பக்கம் ஆபத்து. பலகை இல்லை என்பதால் கண்ணி இல்லை என்று ஆகாது, பலகை விறகாகப் போயிருக்கலாம். மாட்டுத் தடம், மனிதத் தடம், சைக்கிள் டயர் தடம் மூன்றும் புதிதாகத் தெரிகிற பாதையில் மட்டும் நடங்கள். ஒதுங்கப் போவதற்காகப் பத்தடி உள்ளே போவதுதான் எல்லோரும் மறக்கும் இடம். பாதையிலேயே ஓரமாக முடித்துக்கொள்ளுங்கள், வெட்கம் பார்க்காதீர்கள்.

துருப்பிடித்த உருண்டையோ தகரமோ கிடந்தால் தொடக்கூடாது. வந்த காலடியிலேயே திரும்பி, ஊர்த்தலைவரிடம் சொல்லுங்கள்.

#6 கலிங்கு

நம்ம ஊர் ஏரி தெரிந்தவர்களுக்குக் கெமர் காட்டை வாசிப்பது சுலபம் என்பதால் இதை எழுதுகிறேன். காட்டில் கோபுரத்தைத் தேடினால் ஒன்றும் கிடைக்காது. தண்ணீரைத் தேட வேண்டும்.

ஊர்ப் பெயரே பாதி சொல்லிவிடும். பிரசாத் என்றால் கோயில். த்ராபியாங் என்றால் குளம். ஸ்ரா என்றாலும் குளம்தான். ஸ்பியன் பாலம், புனோம் மலை, பந்தே கோட்டை, பிரெய் காடு. 'த்ராபியாங்' என்று தொடங்கும் ஊரில் வயலுக்கு நடுவே ஒரு மேடும், மேட்டின் மேல் வெட்டாமல் விட்ட மரக்கூட்டமும் இருந்தால் அது பழைய ஊர்க்கோயிலாக இருக்க வாய்ப்பு அதிகம். அமைப்பு திரும்பத் திரும்ப ஒன்றுதான்: நடுவில் மேடு, அதைச் சுற்றிக் குதிரை லாட வடிவில் அகழி, அகழியின் திறப்பு கிழக்கே, அதற்கு நேர் கிழக்கே ஒரு செவ்வகக் குளம். கிழக்கு எது என்று தெரிந்தால் வாசல் எங்கே என்று தெரிந்துவிடும். விதிவிலக்கு உண்டு. அங்கோர் வாட் மேற்கே பார்க்கிறது, பிரியா விஹியர் வடக்கே.

பெரிய நீர்நிலை பாராய். நாம் தாழ்வான நிலத்தில் ஒரு பக்கமோ மூன்று பக்கமோ கரை போட்டு ஏரி செய்கிறோம். பாராய் பெரும்பாலும் நாலு பக்கமும் கரை எழுப்பித் தரைக்கு மேலேயே தண்ணீரைத் தேக்குவது. அங்கோரின் மேற்குப் பாராய் 8 கி.மீ. நீளம், 2 கி.மீ.க்கு மேல் அகலம்.

கோ கெர் இதில் தனி ரகம். நான்காம் ஜெயவர்மன் 928 முதல் தலைநகராக வைத்திருந்த ஊர், 944 வாக்கில் தலைநகரம் அங்கோருக்கே திரும்பிவிட்டது. அங்கே ரஹால் என்கிற பாராய் திசைக்கு ஒத்து நிற்காமல் நிலத்தின் சாய்வுக்கு ஏற்பக் கோணிக்கொண்டு கிடக்கும். நகருக்கு வடக்கே ஆற்றை மறித்து ஏறக்குறைய 7 கி.மீ.க்குக் கரை போட்டார்கள். கலிங்கு (உபரி நீர் வழியும் வாய்) போதவில்லை, வெள்ளத்தில் கரை உடைந்தது. தலைநகரம் நிலைக்காததற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம் என்று ஆய்வாளர்கள் நினைக்கிறார்கள். கலிங்கை ஒழுங்காக விடாத ஏரி என்ன ஆகும் என்று நம்ம ஊரில் சின்னப் பிள்ளைக்கும் தெரியும் :)

#7 சிற்றுளி

கலிங்கு சொன்னதோடு இதைச் சேர்த்துக்கொள்ளுங்கள். 2012இல் ஹெலிகாப்டரிலிருந்து லேசர் அளவீடு செய்து குலென் மலையில் மகேந்திரபர்வத நகரின் தெருக்களையே கண்டெடுத்தார்கள். 802இல் இரண்டாம் ஜெயவர்மன் சக்கரவர்த்தியாக முடிசூடிய மலை அது. 'காணாமல் போன நகரம்' என்று செய்தி வந்ததும் பலரும் காட்டுக்குள் கோபுரம் நிற்பதாக நினைத்துக்கொண்டார்கள். லேசர் படத்தில் தெரிவது மேடும் பள்ளமும்தான். நேரில் போனால் முழங்கால் உயர மண்கரை, நாலு செங்கல், பீடத்துக்கான குழி. அதைப் பார்த்து ரசிக்க முடிகிறவர் போகலாம், மற்றவர் மோட்டோ செலவை மிச்சம் பிடிக்கலாம்.

குலெனில் பார்க்கத் தகுந்தது ஸ்ரா தாம்ரெய். ஒரே பாறையில் செதுக்கிய யானை, பக்கத்தில் சிங்கங்கள். கார் போகாது, மலையின் மேல் மோட்டோதான். மலைச்சாலை குறுகல் என்பதால் காலையில் ஏறுவதற்கும் மதியத்துக்குப் பின் இறங்குவதற்கும் மட்டுமே விடுவார்கள். 9 மணிக்குள் அடிவாரத்தில் இருங்கள்.

இனி கல். காட்டுக் கோயிலில் மிக அதிகம் நடக்கிற விபத்து பாம்பும் இல்லை, கண்ணியும் இல்லை. வழுக்கி விழுந்து கணுக்கால் முறிவது. காரணம் கட்டுமான முறையிலேயே இருக்கிறது.

கெமர் தச்சர்கள் கூரையைக் கதலிகைக் கரண முறையில் மூடினார்கள், அதாவது ஒவ்வொரு வரிசைக் கல்லையும் கொஞ்சம் கொஞ்சமாக முன்தள்ளி அடுக்கி மேலே சேர்ப்பது. சாந்து கிடையாது, எடைதான் பிடிமானம். ஒரு கல் நகர்ந்தால் அந்த வரிசை முழுவதும் தலைகுப்புற வரும். பெங் மீலியாவில் கூடங்களுக்குள் மலைபோல் குவிந்து கிடப்பது அந்தக் கூரைதான். எனவே:

செம்புரைக்கல் சொரசொரப்பு, ஈரத்திலும் ஓரளவு பிடிக்கும். மணற்கல் பாசியோடு ஈரமானால் சோப்பு. நிழல் விழும் வடக்குப் பக்கமும், வேர் ஓடும் கல்லும் ஜனவரியிலும் 10 மணி வரை ஈரமாக இருக்கும். குவியலில் ஏறும்போது காலை ஊன்றும் முன் கல்லை மிதித்து ஆட்டிப் பாருங்கள். நிற்கிற கூரைக்கு அடியில் நின்று படம் எடுக்க வேண்டாம். முட்டுக்கொடுத்த மரச்சட்டம் இருந்தால் அது அலங்காரம் இல்லை, விழப்போகிறது என்று அர்த்தம்.

கல்லில் விரல் நுழையும் அளவுக்கு வட்டக்குழிகள் இருக்கும். துப்பாக்கிச் சூடு என்று வழிகாட்டிகள் கதை விடுவார்கள். அவை மரமுளை அடித்துக் கயிறு கட்டித் தூக்குவதற்கான குழிகள். தூணின் அடிப்பகுதி வெங்காயத் தோல்போல் உரிந்திருந்தால் அதற்கும் காரணம் உண்டு. மணற்கல்லின் படிவுக் கோடு படுக்கையாக இருக்க வேண்டும். நீளத் தூணுக்காக அதை நிமிர்த்தி வைத்துவிட்டார்கள். தரை ஈரம் மேலே ஏறி, உப்பு படிகமாகி, அடுக்கடுக்காகப் பிரித்துவிடுகிறது.

#8 வெள்ளாற்றங்கரை

நன்றி. மரத்தின் வேர்தான் இடிக்கிறது என்றால் ஏன் வெட்டாமல் வைத்திருக்கிறார்கள்?

#9 சிற்றுளி

இடிப்பதும் அதுதான், பிடித்துக்கொண்டிருப்பதும் அதுதான். அத்தி வகை மேலே விதை விழுந்து கீழே வேர் விடும், இடுக்கில் புகுந்து பிளக்கும். ஸ்புங் என்கிற பெருமரத்தின் வேர் சுவரையே கூடைபோல் பின்னிக்கொள்ளும். வெட்டினால் வேர் அழுகும், பத்து வருஷத்தில் பிடிமானம் போய்ச் சுவர் சரியும். உயிரோடு விட்டால் காற்றில் மரம் ஆடும்போது கல்லும் ஆடும். தா புரோமில் இந்தியத் தொல்லியல் துறை இந்த இரண்டுக்கும் நடுவேதான் வேலை செய்தது. சின்னக் கன்றை அப்போதே பிடுங்குவது, பெரியதற்கு முட்டுக்கொடுப்பது என்பதுதான் நடைமுறை.

#10 நடுகல்_வாசகன்

கல்வெட்டு பற்றி யாரும் சொல்லவில்லையே. கெமர் கோயிலில் கல்வெட்டு இருந்தால் முதலில் பார்க்க வேண்டியது வாசல் நிலைக்கல்லின் உட்பக்கம். நம்ம ஊர்போல அதிட்டானத்தில், அதாவது அடிப்பீடத்தில் தேடினால் ஏமாந்துபோவீர்கள். மொழி சமஸ்கிருதமும் பழைய கெமரும். எழுத்து பல்லவர் காலத் தென்னிந்திய எழுத்திலிருந்து வந்தது. சம்போர் பிரெய் குக்கில், அதாவது முதலாம் ஈசானவர்மனின் ஈசானபுரத்தில், 7ஆம் நூற்றாண்டு எழுத்தைப் பார்த்தால் கிரந்தம் தெரிந்தவருக்குச் சில எழுத்துகள் உடனே பிடிபடும். ஆண்டு சக ஆண்டுக் கணக்கில் இருக்கும், 78 கூட்டினால் கி.பி.

படம் எடுக்க: எதிரே நின்று பிளாஷ் போட்டால் எழுத்து மறைந்துவிடும். கைவிளக்கைச் சுவரை ஒட்டிப் பக்கவாட்டில், 10 முதல் 15 பாகைக் கோணத்தில் பிடியுங்கள். இடமிருந்து ஒன்று, மேலிருந்து ஒன்று என இரண்டு படம். அளவுக்கு ஒரு பேனாவைப் பக்கத்தில் வையுங்கள். சுண்ணக்கட்டியைத் தேய்ப்பது, தண்ணீர் ஊற்றுவது, மாவு பூசுவது எதுவும் கூடாது. கல் பொரிந்துபோகும்.

கல்வெட்டே இல்லாத கோயிலுக்கு வயது சொல்ல வாசலின் மேல் உத்திரத்தைப் பாருங்கள். இரு முனையிலும் மகரங்கள் உள்நோக்கிப் பார்த்து, நடுவே வளைவில் பதக்கங்கள் இருந்தால் சம்போர் பாணி, 7ஆம் நூற்றாண்டுத் தொடக்கம். ஈசானபுரத்தில் எண்கோணக் கோபுரங்களின் செங்கல் சுவரில் 'பறக்கும் மாளிகை' புடைப்பு இருக்கும். வெளிச்சுவரில் ஆள் உயரத்துக்கு மேலே பாருங்கள், பலர் கவனிக்காமலே சுற்றி வந்துவிடுகிறார்கள்.

அங்கோர் நாட்களில் பந்தே ஸ்ரீயைச் சேர்க்காமல் விட்டிருந்தால் சேர்த்துவிடுங்கள். 967இல் குடமுழுக்கான கோயில். உள் கோபுர வாயிலின் கிழக்கு முகப்பில் ஆடும் சிவன், காலடியில் எலும்பும் தோலுமாக ஒரு பெண் உருவம். காரைக்கால் அம்மையார் என்று ஆய்வாளர்கள் அடையாளம் சொல்கிறார்கள். வடக்கே கபால் ஸ்பியன் ஆற்றுப்படுகை லிங்கங்கள் அதே வழிதான். 1.5 கி.மீ. ஏற்றம், மதியம் 3 மணிக்கு மேல் ஏற விடமாட்டார்கள்.

#11 பச்சிலை

மருத்துவப் பக்கம்.

பாம்பு: அங்கே நம்ம நாலு பாம்பு கணக்கு செல்லாது. முக்கிய எதிரி மலாயா குழிவிரியன். காய்ந்த இலைச் சருகின் நிறத்தில் சுருண்டு கிடக்கும், பக்கத்தில் போனாலும் நகராது, மிதித்தாலோ மிக நெருங்கினாலோ சட்டென்று கடிக்கும். ரத்தம் உறையாமல் போகும். இந்தியக் கூட்டு விஷமுறிவு மருந்து இதற்கு வேலை செய்யாது, தாய்லாந்துச் செஞ்சிலுவைச் சங்கத்தின் மருந்துதான் வேண்டும். எனவே இங்கிருந்து மருந்து கொண்டுபோகும் யோசனையை விடுங்கள். கணுக்காலை மூடும் பூட்ஸ், சாக்ஸுக்குள் செருகிய முழுக்கால் பேண்ட், கல் இடுக்கில் கை வைக்கும் முன் குச்சியால் தட்டுவது, அந்தி சாய்ந்தால் தலைவிளக்கு. கடித்தால் இறுக்கிக் கயிறு கட்டாதே, கீறாதே, உறிஞ்சாதே. கையையோ காலையோ அசையாமல் மட்டை கட்டிப் பெரிய மருத்துவமனைக்கு. ஐபுபுரூஃபன், ஆஸ்பிரின் கூடாது, ரத்தப்போக்கைக் கூட்டும்.

மலேரியா சியெம் ரீப் ஊருக்குள் பிரச்சினை இல்லை, காட்டில் இரவு தங்கினால்தான். அந்த வட்டாரம் மருந்துக்கு அடங்காத மலேரியாவுக்குப் பேர்போனது, மெஃப்லோகுயின் அங்கே உதவாது. டாக்சிசைக்ளினா அடோவாகுவோன்-புரோகுவானிலா என்று மருத்துவரிடம் கேளுங்கள். டெங்கு பகல் கொசு, அதற்கு மாத்திரை இல்லை. 30% டீட் (கொசுவிரட்டி) தடவுவதுதான் வழி.

தண்ணீர் ஆளுக்கு நாளைக்கு 4 லிட்டர், உப்புச்சர்க்கரைக் கரைசல் பொட்டலம் 4.

#12 தூரதேசி

> அந்த 40 புள்ளிகள்

எனக்குத் தெரிந்து பெயரில்லாத சின்னக் கோயில்கள்தான் உண்மையான அனுபவம். புள்ளிகளை இங்கேயே போட்டால் எல்லோருக்கும் உதவுமே? கம்போடியப் பண்பாட்டு அமைச்சகமே பிரெஞ்சுக் கீழைத்தேய ஆய்வுப் பள்ளியோடு சேர்ந்து தொல்லிடங்களை இணைய வரைபடத்தில் போட்டிருக்கிறது. அரசாங்கமே காட்டுவதை நாம் மறைத்து என்ன ஆகப்போகிறது?

#13 மண்வெட்டி

வரைபடத்தில் புள்ளி இருப்பது வேறு. 'வடகிழக்கு மூலையில் உத்திரம் கீழே கிடக்கிறது, காவலாள் இல்லை' என்று படத்தோடு போடுவது வேறு. பின்னது திருடனுக்குக் கொடுக்கிற சாமான் பட்டியல்.

கோ கெரின் பிரசாத் சென்னில் போய்ப் பாருங்கள். துரியோதனனும் பீமனும் எதிரெதிரே நின்ற இடத்தில் பாதங்களோடு பீடம் மட்டும் விட்டுவிட்டு, கணுக்காலோடு அறுத்துக் கொண்டுபோனார்கள். அந்த வெட்டு பொருந்தியதை வைத்துத்தான் சிலைகளை அடையாளம் கண்டு 2014இல் அமெரிக்காவிலிருந்து திருப்பி வாங்கினார்கள். பந்தே ச்மாரில் 1998 கடைசியில் சுவரையே லாரியில் ஏற்றினார்கள். தாய்லாந்துக் காவலர் பிடித்ததில் 117 கல். லாட்ச்ஃபோர்ட் என்கிற கலைப்பொருள் வணிகர் மேல் 2019இல் நியூயார்க்கில் வழக்குப் பதிவானது இந்தச் சங்கிலியின் மறுமுனை.

அதனால் என் கருத்து: காவலாள் இருக்கிற இடத்தைப் பற்றி எவ்வளவு வேண்டுமானாலும் எழுதுங்கள். இல்லாத இடத்தின் படத்தைப் போடும் முன் அதிலிருக்கும் இடத்தகவலை நீக்குங்கள். தரையில் கிடக்கிற ஓட்டுச்சில்லைக்கூட எடுக்காதீர்கள், அவர்களின் 1996 சட்டப்படி குற்றம்.

#14 தூரதேசி

ஓட்டுச்சில்லுக்கெல்லாமா என்று கேட்க வந்தேன், சரி. இடத்தகவல் விஷயத்தில் ஒத்துக்கொள்கிறேன். ஆனாலும் ஆள் போகாத இடத்தில்தான் திருட்டு நடக்கும் என்பதையும் யோசியுங்கள். நாலு பேர் வந்து போனால், ஊர்க்காரருக்கு மோட்டோ கூலி கிடைத்தால், அவர்களே காவல்.

#15 கலிங்கு

அது பந்தே ச்மாரில் ஊர்க்காரர் வீட்டில் தங்கும் ஏற்பாட்டில் ஓரளவு நடந்திருக்கிறது, மறுக்கவில்லை. ஆனால் வெள்ளாற்றங்கரையின் இந்த வட்டத்துக்கு 4 நாள்தான். பெயரில்லாத புள்ளிகளில் பாதி வெறும் மேடாகத்தான் இருக்கும். அந்த நேரத்தைப் பிரியா கானில் செலவழித்தால் லாபம்.

வெளிச்சுற்று ஒரு பக்கம் ஏறக்குறைய 5 கி.மீ., அங்கோரில் எந்தக் கோயிலுக்கும் இவ்வளவு பெரிய வளாகம் இல்லை. ஒரே நாளில் நடந்து முடிக்க முயல வேண்டாம். வரிசை இப்படி வைத்துக்கொள்ளுங்கள்: காலை 8 மணிக்கு நடுக்கோயில், அதாவது பாக்கான். பிறகு மோட்டோவில் பாராயின் மேற்குக் கரையில் பிரியா ஸ்தொங், நாலு முகக் கோபுரம். பாராயின் நடுத்தீவில் பிரியா த்கோல், வறண்ட மாதத்தில் நடந்தே போகலாம். கிழக்குக் கோடியில் பிரியா தாம்ரெய், மூலைக்கு ஒரு யானையோடு நின்ற படிக்கட்டுப் பிரமிடு, அந்த யானைகளில் சில இப்போது அங்கே இல்லை. ஜனவரியில் 5.50 வாக்கில் சூரியன் இறங்கும், 3.30க்கு வண்டி திரும்ப வேண்டும்.

கோ கெரில் பிரசாத் தோம் பிரமிடு 7 அடுக்கு, 36 மீட்டர். ஏறுவது பழைய படியில் இல்லை, பக்கத்து மரப்படியில். வெயிலுக்கு முன் ஏறிவிடுங்கள். அதன்பின் லிங்கக் கோயில்கள் வரிசை, ஆள் உயரத்துக்குக் குறையாத லிங்கமும் ஆவுடையும். கடைசியாகப் பிரசாத் பிராம், வேர் பின்னிய செங்கல் கோபுரங்கள். படம் எடுக்க மதியத்துக்குப் பின் வெளிச்சம் நல்லது.

பெங் மீலியாவில் தெற்கு நடைபாதையிலிருந்து நுழையுங்கள், நாகத் தலைகள் அங்கேதான் முழுசாக இருக்கின்றன. அகழியே 45 மீட்டர் அகலம்.

#16 வெள்ளாற்றங்கரை

திட்டம் மாற்றியாச்சு, இரண்டு எல்லைக் கோயில்களும் நீக்கம். கடைசியாக ஒன்று: வழி தவறினால் கைபேசி போதுமா?

#17 மண்வெட்டி

இணையம் இல்லாமல் ஓடும் ஓபன் ஸ்ட்ரீட் மேப் செயலியில் மூன்று மாகாணத்தையும் முன்கூட்டி இறக்குங்கள்: சியெம் ரீப், பிரியா விஹியர், கம்போங் தோம். கிராமப்புறத்துக்கு மெட்ஃபோன் சிம். இலைக்கூரைக்கு அடியில் ஜிபிஎஸ் 10 முதல் 20 மீட்டர் பிசகும், அதனால் புள்ளியைத் துரத்தாமல் தடத்தைப் பதிவு செய்யுங்கள். திரும்பும்போது அந்தக் கோட்டிலேயே வாருங்கள். குறுக்குவழி பார்க்கக் கூடாது, காரணம் #5இல் இருக்கிறது. 10,000 மில்லியாம்பியர் பவர்பேங்க் ஒன்று, மோட்டோ ஆளின் எண்ணைத் தாளில் எழுதிச் சட்டைப்பையில்.

#18 நடுகல்_வாசகன்

பல கோயில்களின் முன்னால் ஒரு சின்னக் கொட்டகையில் நெக் தா, அதாவது ஊர்க்காவல் தெய்வம் இருக்கும். உடைந்த சிலைத்துண்டு ஒன்றுக்குச் சிவப்புத் துணி சுற்றி ஊதுவத்தி வைத்திருப்பார்கள். படத்துக்காகத் துணியை விலக்காதீர்கள்.

அங்கோர் சீட்டை முதல் நாள் மாலை 5 மணிக்கு மேல் வாங்கினால் மறுநாளிலிருந்துதான் கணக்கு, அன்று மாலை சூரிய அஸ்தமனத்துக்கும் விடுவார்கள். தோளும் முழங்காலும் மூடிய உடை போட்டுக்கொண்டு போங்கள்.